தோற்றவர் வாதத்தையும் எழுதிவைத்தவர்கள்

1958 அக்டோபரில் இஸ்ரேல் பிரதமர் டேவிட் பென் குரியன், பல நாடுகளில் வாழ்ந்த ஏறக்குறைய ஐம்பது யூத அறிஞர்களுக்குக் கடிதம் எழுதினார். தந்தை யூதர், தாய் யூதரல்லாதவர். பிள்ளையை யூதர் என்று பதியப் பெற்றோர் இருவருமே விரும்புகிறார்கள். அரசு அப்படிப் பதியலாமா? இதுதான் கேள்வி. நாடு பிறந்து பத்து ஆண்டுகள்தான் ஆகியிருந்தன. உள்துறையின் பதிவு விதி ஒன்றைக் கண்டித்து மதக் கட்சி அமைச்சரவையிலிருந்து வெளியேறியிருந்தது. பதில் எழுதியவர்களில் பெரும்பாலோர் மரபுச் சட்டத்தையே சொன்னார்கள்: தாய் யூதரானால் பிள்ளை யூதர், இல்லையென்றால் முறைப்படி மதம் மாறி வர வேண்டும். நாவலாசிரியர் அக்னோன், இந்தப் பிரச்சினையைத் தொடாமல் விடும்படி பிரதமருக்கு யோசனை சொன்னார்.

நான்கே ஆண்டுகளில் அந்தச் சட்டமும் போதாமல் போனது. ஓஸ்வால்ட் ரூஃபைசென் போலந்தில் யூதராகப் பிறந்தவர். நாஜிகளிடம் மொழிபெயர்ப்பாளராக வேலை பார்த்தபடியே, மீர் நகரத்துச் சேரியில் அடைக்கப்பட்டிருந்த யூதர்களை முன்கூட்டி எச்சரித்து நூற்றுக்கணக்கானோரைத் தப்பவைத்தார். பிறகு ஒரு கன்னியர் மடத்தில் ஒளிந்திருந்தபோது கத்தோலிக்கரானார். போருக்குப் பின் துறவியாகி, சகோதரர் டேனியல் ஆனார். யூதர் என்ற உரிமையில் இஸ்ரேல் குடியுரிமை கேட்டு வழக்குப் போட்டார். மதச் சட்டத்தின்படி தாய்வழி யூதர் எந்நாளும் யூதரே. ஆனாலும் 1962-இல் உச்ச நீதிமன்றம் மறுத்துவிட்டது. இன்னொரு மதத்தைத் தழுவியவரைச் சாதாரண மக்கள் வழக்கில் யூதர் என்று யாரும் சொல்வதில்லை என்பது நீதிபதிகளில் பெரும்பான்மையோரின் கருத்து. மதச் சட்டம் ஆமென்றவரை மதச்சார்பற்ற நீதிமன்றம் இல்லையென்றது.

யூதர் யார் என்ற கேள்விக்கு வரையறை தேடிப் போனால் இப்படித்தான் முட்டிக்கொண்டு நிற்க நேரும். இனம் என்றால் எத்தியோப்பியாவிலும் போலந்திலும் கொச்சியிலும் வாழ்ந்தவர்கள் எப்படி ஓரினம்? மதம் என்றால் கடவுளை நம்பாத ஃபிராய்டு எப்படி யூதர்? தேசம் என்றால் நாடில்லாமல் கழிந்த ஏறத்தாழ இரண்டாயிரம் ஆண்டுகளை எங்கே வைப்பது? நான் வேறொரு வழியாக இந்தக் கேள்விக்குள் போக விரும்புகிறேன். அவர்கள் எழுதிய நூல்களை, அவற்றில் அவர்கள் ஒருவரோடொருவர் போட்ட சண்டைகளோடு சேர்த்துப் படிப்பது அந்த வழி.

நம்மில் பெரும்பாலோர் யூதர்களை மூன்று இடங்களில்தான் சந்தித்திருக்கிறோம்: விவிலியத்தில், ஹிட்லரின் வதைமுகாமில், இன்றைய காஸா செய்திகளில். மோசேயிலிருந்து நேராக ஆன் ஃபிராங்குக்கும், அங்கிருந்து நெதன்யாகுவுக்கும் தாவிவிடுகிறோம். நடுவே கிடக்கும் நூலகம் கண்ணில் படுவதில்லை. அதைத் தெரிந்துகொள்ளாமல் இந்த மூன்றில் எதையும் சரியாகப் புரிந்துகொள்ள முடியாது என்பதே என் கருத்து.

கி.பி. 70-இல் ரோமானியர் எருசலேம் ஆலயத்தை அழித்தார்கள். பலியும் குருமாரும் போன பிறகு எஞ்சியது படிப்பு ஒன்றுதான். கி.பி. 200-ஐ ஒட்டி ரபி யூதா, வாய்மொழியாக வழங்கிவந்த சட்டங்களை மிஷ்னா என்ற தொகுப்பாக்கினார். ஆறு பிரிவுகள், 63 பகுதிகள். அதன்மேல் பாபிலோனியாவின் கல்விக்கூடங்களில் தலைமுறை தலைமுறையாக நடந்த வாதங்களின் தொகுப்பே தல்மூத். 

தல்மூதின் ஒரு பக்கத்தைக் கண்ணால் பார்த்தால் பாதி விஷயம் விளங்கிவிடும். நடுவில் ஒரு பத்தியாக மிஷ்னாவின் சில வரிகள். அவற்றின் கீழ் அவை பற்றிய விவாதம். தைப்புப் பக்க ஓரத்தில், 11ஆம் நூற்றாண்டில் பிரான்சின் திராய் நகரில் வாழ்ந்த ராஷியின் உரை. மறு ஓரத்தில் ராஷியின் பேரர்களும் அவர்கள் வழிவந்தவர்களும் எழுதிய தோசஃபோத் குறிப்புகள். பல இடங்களில் அவை பாட்டனாரின் உரையை மறுக்கின்றன. நம் உரைவளப் பதிப்புகளில் இளம்பூரணரையும் அவரை மறுக்கும் சேனாவரையரையும் ஒரே நூற்பாவின் கீழ் வாசித்துப் பழகியவர்களுக்கு இந்தப் பக்கம் அந்நியமாகத் தோன்றாது. இந்த அமைப்பை நிலைநிறுத்தியவர் டேனியல் பாம்பெர்க் என்ற கிறிஸ்தவ அச்சகர். வெனிஸ் நகரில் 1520-க்கும் 1523-க்கும் இடையில் தல்மூத் முழுவதையும் அச்சிட்டார். அதே வெனிஸில் 1553-இல் தல்மூத் பிரதிகளைக் குவித்துக் கொளுத்தினார்கள். அதற்கு மூன்று நூற்றாண்டுகளுக்கு முன்பே, 1242-இல், பாரிசில் இருபத்து நான்கு வண்டிகளில் ஏற்றிவந்து எரித்திருந்தார்கள். இன்று உலகெங்கும் ஒரே நாளில் ஒரே ஏட்டைப் படிக்கும் வழக்கம் இருக்கிறது; 1923-இல் வியன்னாவில் நடந்த மாநாட்டில் ரபி மெயிர் ஷாப்பிரோ தொடங்கிவைத்தது. மொத்தம் 2,711 ஏடுகள். நாளுக்கு ஒன்று என்றால் முடிக்க ஏழரை ஆண்டுகள் ஆகும்.

ஏடுகளின் எண்ணிக்கையைவிட எனக்குப் பெரிதாகப் படுவது வேறொன்று. மிஷ்னாவே ஓரிடத்தில் கேட்கிறது: பெரும்பான்மையின்படிதான் தீர்ப்பு என்றால், தோற்ற ஒருவரின் கருத்தை எதற்காக எழுதிவைக்கிறோம்? பிற்காலத்து நீதிமன்றம் ஒன்று அந்தக் கருத்தைச் சரியென்று கண்டால் அதைப் பற்றிக்கொள்ள ஆதாரம் வேண்டுமே, அதற்காக என்பது அங்கே சொல்லப்படும் காரணங்களில் ஒன்று. தோற்றவனின் வாதத்தைப் பாதுகாப்பது ஒரு சமூகத்தின் சட்டக் கடமையாக எழுதப்பட்டிருக்கிறது. யூத நூல்கள் எனக்குத் தந்தவற்றில் இதற்கு இணையாக வேறொன்றைச் சொல்லத் தெரியவில்லை.

இந்த மரபின் பெருமையைச் சொல்ல எல்லோரும் எடுத்துக்காட்டும் கதை ஒன்று உண்டு. ஓர் அடுப்பு தீட்டுப்படுமா, படாதா என்று வாதம். ரபி எலியேசர் ஒரு பக்கம், மற்ற எல்லோரும் மறுபக்கம். நான் சொல்வது சரியென்றால் அந்தக் கரோப் மரம் சாட்சி சொல்லட்டும் என்றார் எலியேசர். மரம் பெயர்ந்து தள்ளிப் போய் நின்றது. ஓடை எதிர்த்திசையில் ஓடியது. கல்விக்கூடச் சுவர்கள் சாய்ந்தன. கடைசியில் வானத்திலிருந்தே ஒரு குரல் எலியேசர் பக்கம் பேசியது. ரபி யோசுவா எழுந்து, சட்டம் மனிதர் கையில் கொடுக்கப்பட்டாயிற்று, அது இப்போது வானத்தில் இல்லை என்று அந்தக் குரலையும் தள்ளிவிட்டார். தன் பிள்ளைகள் தன்னை வென்றுவிட்டதாகச் சொல்லிக் கடவுள் சிரித்தாராம்.

மேடைப் பேச்சுகளிலும் அறிமுக நூல்களிலும் கதை இந்தச் சிரிப்போடு முடிந்துவிடும். தல்மூதில் முடிவதில்லை. வென்றவர்கள் எலியேசர் தூய்மையென்று தீர்த்த பொருள்களையெல்லாம் கொண்டுவந்து எரித்தார்கள். அவரைச் சபை நீக்கம் செய்தார்கள். செய்தியைக் கொண்டுபோக ரபி அகிவா முன்வந்தார். கறுப்பு உடுத்தி, எட்ட உட்கார்ந்து, மெதுவாகச் சொன்னார். எலியேசர் அழுதார். ஒலிவத்திலும் கோதுமையிலும் பார்லியிலும் மூன்றில் ஒரு பங்கு பாழானது. சபைத் தலைவர் கமாலியேலின் தங்கைதான் எலியேசரின் மனைவி இம்மா ஷாலோம். கணவர் தன் மனவேதனையைக் கடவுளிடம் கொட்டினால் அண்ணன் உயிர் தாங்காது என்று அஞ்சி, அவர் முகங்குப்புற விழுந்து மன்றாடாமல் பல காலம் பார்த்துக்கொண்டார். ஒருநாள் கண் தப்பிவிட்டது, கமாலியேல் இறந்தார். இந்தக் கதை முழுவதும் தல்மூதில் இடம்பெறுவது, சொல்லால் பிறரைப் புண்படுத்துவதை விலக்கும் சட்டத்தின் விளக்கமாக. வாதத்தில் வெல்லும் உரிமை வென்றவர்களுக்கு உண்டு, தோற்றவரை மிதிக்கும் உரிமை கிடையாது என்று தல்மூத் தன் அறிஞர்கள்மீதே குற்றம் பதிவுசெய்கிறது. கதையைப் பாதியில் நிறுத்துபவர்கள் அறத்தை விட்டுவிட்டு வெற்றியை மட்டும் எடுத்துக்கொள்கிறார்கள்.

இந்த வாதப் பெருக்கை ஒழுங்குசெய்ய முயன்ற பெருமனிதர் மைமோனிடிஸ். கொர்டோவாவில் பிறந்து, மதக் கெடுபிடியால் குடும்பத்தோடு அலைந்து, எகிப்தில் மருத்துவராக வாழ்ந்து 1204-இல் இறந்தார். பதினான்கு பகுதிகள் கொண்ட மிஷ்னே தோராவில் யூதச் சட்டம் முழுவதையும் தெளிந்த எபிரேயத்தில் அடுக்கினார். யார் சொன்னார், யார் மறுத்தார் என்ற விவரங்களை நீக்கிவிட்டார். பிரோவான்சில் வாழ்ந்த ஆபிரகாம் பென் தாவீது என்ற ரபி கொதித்துப்போய்க் கடுமையான மறுப்புகள் எழுதினார். பிற்காலப் பதிப்புகளில் அந்த மறுப்புகளும் மைமோனிடிசின் வரிகளோடு சேர்த்தே அச்சாகின்றன. வாதத்தை நீக்கிய நூலையும் மரபு வாதத்துக்குள் இழுத்துக்கொண்டுவிட்டது. தான தர்மத்தை அவர் எட்டுப் படிகளாக வகுத்த பகுதியை மட்டுமாவது எவரும் படிக்க வேண்டும். மனமில்லாமல் கொடுப்பது கடைசிப் படி. கொடுப்பவரும் பெறுபவரும் ஒருவரையொருவர் அறியாமல் கொடுப்பது மேலிருந்து இரண்டாவது. ஒருவர் கையேந்தும் நிலைக்கே வராதபடி கடன் கொடுத்தோ, தொழிலில் கூட்டுச் சேர்த்தோ, வேலை தேடித் தந்தோ தூக்கி நிறுத்துவது முதல் படி.

அரபு மொழியில், எபிரேய எழுத்தில் அவர் எழுதிய ‘குழம்பியோருக்கான வழிகாட்டி’ அரிஸ்டாட்டிலையும் வேதத்தையும் ஒன்றாக நிறுத்திப் பார்க்கும் நூல். அது தேர்ந்த வாசகருக்கானது. தொடக்கக்காரர் முதலில் அவருடைய கடிதங்களைப் படிப்பது நல்லது. தம்பி தாவீது வணிகத்துக்குப் போகும் வழியில் இந்தியப் பெருங்கடலில் மூழ்கி இறந்ததையும், அந்தத் துயரத்தில் தான் ஓராண்டு படுக்கையில் கிடந்ததையும் ஒரு கடிதத்தில் எழுதியிருக்கிறார்.

அந்தக் கடல் நம் கரையோடு சேர்ந்தது. கெய்ரோவின் பழைய யூதர் தொழுகைக்கூடத்தில், கடவுள் பெயர் இருக்கக்கூடும் என்பதால் எறியாமல் போட்டுவைத்த தாள்கள் ஓர் அறையில் நூற்றாண்டுக் கணக்கில் குவிந்திருந்தன. 1896-97-இல் சாலமன் ஷெக்டர் அவற்றில் பெரும்பகுதியைக் கேம்பிரிட்ஜுக்குக் கொண்டுபோனார். அந்தத் தாள்களில் மலபார் வணிகர்களின் கடிதங்களும் இருந்தன. ஆபிரகாம் பென் யிஜு 12ஆம் நூற்றாண்டில் மங்களூர்ப் பகுதியில் தங்கி வெண்கலப் பட்டறை நடத்தியவர். ஆஷு என்ற அடிமைப் பெண்ணை 1132-இல் விடுதலை செய்து குடும்பம் நடத்தினார். எஸ். டி. கோய்டைன் இந்தக் கடிதங்களில் வாழ்நாளைச் செலவிட்டு இடைக்கால மத்தியதரைக் கடல் சமூகத்தை ஐந்து பெருந்தொகுதிகளில் எழுதினார். அமிதவ் கோஷ் 1992-இல் வெளியிட்ட ‘இன் ஆன் ஆன்டீக் லேண்ட்’ பென் யிஜுவின் அடிமை ஒருவரைத் தேடிப்போகும் நூல்.

கொச்சி மட்டாஞ்சேரியில் 1568-இல் எழுந்த பரதேசித் தொழுகைக்கூடத்துக்குரிய செப்பேடுகள் இன்னும் நெருக்கமானவை. கி.பி. 1000-ஐ ஒட்டிச் சேர மன்னன் பாஸ்கர ரவிவர்மன், ஜோசப் ரப்பான் என்ற யூதத் தலைவருக்கு முயிரிக்கோட்டில் இருந்து வழங்கியவை. எழுத்து வட்டெழுத்து. பகல்விளக்கு, குடை, பறை, காகளம், தோரணம் என்று அவற்றில் வரும் உரிமைகளின் பெயர்களைத் தமிழர் அகராதி புரட்டாமலே படித்துக்கொள்ளலாம்.

ஆனால் பெருமையோடு நின்றுவிடக் கூடாது. அதே மட்டாஞ்சேரியில், விடுவிக்கப்பட்ட அடிமைகளின் வழிவந்தோர் என்று சொல்லி ஒரு பிரிவு யூதர்களைத் தொழுகைக்கூடத்தின் இருக்கைகளில் உட்காரவிடாமல் ஒதுக்கிவைத்தார்கள். 1882-இல் அந்தப் பிரிவில் பிறந்த ஏ. பி. சேலம், சட்டம் படித்து வழக்கறிஞராகி, காந்தியின் சத்தியாக்கிரக வழியைத் தொழுகைக்கூடத்துக்குள்ளேயே கையாண்டு அந்தத் தடைகளை உடைத்தார். கொச்சி யூதப் பெண்ணான ரூபி டேனியல் 1995-இல் வெளியிட்ட தன்வரலாறு இந்த உலகத்தை உள்ளிருந்து சொல்கிறது. மலையாளத்தில் சேது ‘ஆலியா’ நாவலில் சேந்தமங்கலம் யூதர்கள் இஸ்ரேலுக்குப் புறப்பட்ட காலத்தை எழுதியிருக்கிறார். தோரா என்ற வேதத்தைச் சுமந்தவர்களும் இங்கே வந்து சாதியைக் கற்றுக்கொண்டார்கள் என்பது நம்மைப் பற்றிய செய்தியும்கூட.

அற நூல்கள் தனி வரிசையாக இருக்கின்றன. 11ஆம் நூற்றாண்டில் பாஹ்யா இப்னு பகூடா ‘இதயத்தின் கடமைகள்’ எழுதினார். சடங்கைக் குறைவில்லாமல் செய்துவிட்டு மனத்தை அழுக்காக வைத்திருப்பவரை நோக்கிய நூல் அது. 1873-இல் லிதுவேனிய ரபி இஸ்ராயேல் மெயிர் ககன் புறங்கூறுதலைப் பற்றி மட்டும் முழுச் சட்ட நூல் ஒன்று எழுதி வில்னாவில் வெளியிட்டார். வள்ளுவர் பத்துக் குறளில் சொன்னதை அவர் வீடு, கடை, திருமணப் பேச்சு என்று இடம்வாரியாகப் பிரித்து விதியாக்குகிறார். வேலைக்கு ஆள் எடுப்பவரிடம் உண்மையைச் சொல்வது எப்போது கடமை, எப்போது கோள் என்பது போன்ற கேள்விகளில் அவர் காட்டும் நுணுக்கம் இன்றைய வாட்ஸ்அப் குழுக்களுக்கு அப்படியே பொருந்தும்.

இந்த வழியில் 20ஆம் நூற்றாண்டில் இருவர் முக்கியமானவர்கள். இம்மானுவேல் லெவினாஸ் லிதுவேனியாவில் பிறந்து பிரெஞ்சில் எழுதியவர். தானே நாஜிகளின் போர்க்கைதி, லிதுவேனியாவில் இருந்த அவர் குடும்பத்தை நாஜிகள் கொன்றார்கள். எதிரில் நிற்பவரின் முகம் என்மீது சுமத்தும் பொறுப்பிலிருந்தே தத்துவம் தொடங்குகிறது என்று 1961-இல் ‘முழுமையும் முடிவின்மையும்’ நூலில் வாதிட்டார். கடினமான நூல், அவருடைய தல்மூத் உரைகளில் தொடங்குவது எளிது. மற்றவர் ஆபிரகாம் ஜோஷுவா ஹெஷல். ஓய்வுநாளைப் பற்றி 1951-இல் ஒரு சிறு நூல் எழுதியவர், 1965-இல் செல்மா வாக்குரிமைப் பேரணியில் மார்ட்டின் லூதர் கிங்கோடு நடந்தவர்.

வெளியேறியவர்களையும் இந்த நூலகம் விட்டுவிடவில்லை. 1656 ஜூலை 27-இல் ஆம்ஸ்டர்டாம் யூதச் சமூகம் 23 வயது ஸ்பினோசாவைச் சபை நீக்கம் செய்தது. 1670-இல் அவர் பெயர் போடாமல் வெளியிட்ட நூல், வேதத்தை வரலாற்று ஆவணமாகப் படிக்க ஐரோப்பாவுக்குக் கற்றுக்கொடுத்தது. 2015-இல் அந்த நீக்கத்தைப் பற்றி ஆம்ஸ்டர்டாமிலேயே கூடி விவாதித்தார்கள். அப்போதும் நீக்கம் திரும்பப் பெறப்படவில்லை. மோசஸ் மெண்டல்சோன் 1783-இல் எழுதிய ‘எருசலேம்’, நம்பிக்கையை வற்புறுத்த அரசுக்கும் உரிமையில்லை, மதநிறுவனத்துக்கும் உரிமையில்லை என்றது. அவர் யூதராகவும் ஜெர்மானியராகவும் ஒருசேர வாழ முடியும் என்று நம்பினார். பிழைத்து வளர்ந்த ஆறு பிள்ளைகளில் நால்வர் கிறிஸ்தவரானார்கள். ஐசக் டாய்ச்சர் பிற்காலத்தில் ஸ்பினோசா, மார்க்ஸ், ஃபிராய்டு ஆகியோரை ‘யூதரல்லாத யூதர்’ என்று ஒரே வரிசையில் வைத்தார். மரபைக் கடந்து போவதும் யூத மரபுகளில் ஒன்று என்பது அவர் வாதம். எனக்கு அது பாதிதான் ஏற்புடையது. போனவர்களின் பேரன் பேத்திகளை, ஹிட்லர் ஆட்சிக்கு வந்த 1933-க்குப் பிறகு, யாரும் அந்தத் தத்துவத்தைக் கேட்டு விட்டுவிடவில்லை.

வரலாற்று நூல்களுக்கு வரும்போது யோசஃப் ஹயிம் யெருஷல்மி 1982-இல் எழுதிய ‘ஸக்கோர்’ என்ற சிறு நூலில் தொடங்க வேண்டும். நினைவுகொள் என்று திரும்பத் திரும்பக் கட்டளையிடும் இந்தச் சமூகம், முதல் நூற்றாண்டு வரலாற்றாசிரியர் ஜோசஃபசுக்குப் பிறகு ஏறத்தாழப் பதினைந்து நூற்றாண்டுகள் வரலாறு என்று சொல்லத்தக்க நூல்களைப் பெரிதாக எழுதவேயில்லை. நினைவைச் சடங்கிலும் வழிபாட்டிலும் வைத்துக் காத்தது, நடந்ததை ஆராயவில்லை. ஸ்பெயினிலிருந்து 1492-இல் விரட்டப்பட்ட பிறகே மீண்டும் வரலாறு எழுந்தது. நவீன வரலாற்றாசிரியரால் பழைய நினைவின் இடத்தை நிரப்ப முடியாது என்று யெருஷல்மி வருத்தத்தோடு ஒப்புக்கொள்கிறார். பழம்பெருமையைப் பாடியே பழகிய எந்தச் சமூகத்தவரும் படிக்க வேண்டிய புத்தகம் இது.

சாலோ பேரன் 1928-இல் எழுதிய கட்டுரை இன்னொரு பூட்டைத் திறந்தது. யூத வரலாறு என்றால் படுகொலைகளின் பட்டியல் என்று கண்ணீரில் எழுதும் பழக்கத்தை அவர் எதிர்த்தார். இடைக்கால யூதர்களுக்குச் சொந்த நீதிமன்றம், பள்ளி, வரி நிர்வாகம் எல்லாம் இருந்தன. அவர்கள் வெறுமே அடிவாங்கிக்கொண்டிருக்கவில்லை என்றார். பேரன் சொன்னது சரி என்பதற்கு எனக்குக் கிளூக்கெலைவிட நல்ல சாட்சி இல்லை. 

கிளூக்கெல் ஹாம்பர்க் நகரத்துப் பெண். பதினான்கு வயதில் திருமணம். 1689-இல் கணவர் இறந்தபோது வீட்டில் பிள்ளைகள் பலர். முத்து வணிகத்தையும் காலுறைத் தொழிலையும் தானே நடத்தி, சந்தைக்குச் சந்தை பயணம் செய்து, பிள்ளைகளுக்கு நல்ல இடங்களில் சம்பந்தம் முடித்தார். தூக்கம் வராத இரவுகளில் துயரத்தை ஆற்றிக்கொள்ள 1691-இல் இத்திஷ் மொழியில் எழுதத் தொடங்கினார். வரதட்சணைத் தொகை, கப்பலில் போன பணம், இறந்த குழந்தை, கொள்ளைநோய் வதந்தி எல்லாம் கணக்குப் பிசகாமல் வருகின்றன. தொடக்கத்தில் பிள்ளைகளுக்கு ஒரு கதை சொல்கிறார். பறவை ஒன்று தன் மூன்று குஞ்சுகளை ஒவ்வொன்றாகக் கடலைத் தாண்டிச் சுமந்து போகிறது. வயதான காலத்தில் என்னை இப்படிக் காப்பாற்றுவாயா என்று நடுக்கடலில் கேட்கிறது. முதல் இரண்டும் காப்பாற்றுவோம் என்று சத்தியம் செய்கின்றன. பொய்யென்று சொல்லிக் கடலில் போட்டுவிடுகிறது. மூன்றாவது, அதற்கு உறுதி சொல்ல என்னால் முடியாது, ஆனால் நீ எனக்குச் செய்ததை என் குஞ்சுகளுக்குச் செய்வேன் என்கிறது. அதை மட்டும் கரை சேர்க்கிறது. முதுமையில் பிள்ளை கையை எதிர்பார்க்காதே என்று தனக்கே சொல்லிக்கொண்ட தாயின் கதை. 1896-இல்தான் அச்சேறியது. யூதப் பெண்ணின் குரல் இவ்வளவு முழுமையாகக் கேட்கும் பழைய நூல்கள் மிகக் குறைவு. அந்தக் குறையைப் பற்றி ஜூடித் பிளாஸ்கோ 1990-இல் ‘மீண்டும் சீனாயில் நின்று’ நூலில் எழுப்பிய கேள்வி எளிமையானது: சீனாய் மலையில் மோசே மக்களைப் பார்த்துப் பேசும் சொற்கள் ஆண்களை மட்டுமே நோக்குகின்றன என்றால், பெண்கள் அந்த உடன்படிக்கையில் எங்கே நின்றார்கள்?

பிறகு நாஜிகள் நடத்திய பேரழிவு. இது பற்றி எழுதப்பட்டவை கணக்கில்லாதவை. நான் மிகச் சிலவற்றையே சொல்கிறேன். வார்சா சேரிக்குள் இம்மானுவேல் ரிங்கெல்புளும் என்ற வரலாற்றாசிரியர் ஒரு ரகசியக் குழுவைத் திரட்டினார். அவர்கள் அரசு ஆணைகளோடு டிராம் சீட்டு, மிட்டாய்க் காகிதம், பள்ளிக் கட்டுரை, நகைச்சுவைத் துணுக்கு, யூதக் காவலர்களின் அட்டூழியம் எல்லாவற்றையும் சேகரித்தார்கள். தங்களை நல்லவர்களாகக் காட்டிக்கொள்ளும் ஆசையில்லாமல், உணவுக்காக நடந்த இழிவுகளையும் எழுதச் சொன்னார் ரிங்கெல்புளும். 1942 ஆகஸ்டில் பத்துத் தகரப் பெட்டிகள் புதைக்கப்பட்டன. 1943 பிப்ரவரியில் இரண்டு பால் கேன்கள். முதல் புதையல் 1946-லும் இரண்டாவது 1950-லும் கிடைத்தன. பிறகு புதைத்த மூன்றாவது இன்றுவரை கிடைக்கவில்லை. ஏறக்குறைய அறுபது பேரில் மூவர்தான் பிழைத்தார்கள். சாமுவேல் கஸ்ஸோ 2007-இல் எழுதிய ‘நம் வரலாற்றை யார் எழுதுவார்?’ இந்தக் குழுவின் முழு வரலாறு. பதினைந்து நூற்றாண்டுகள் எழுதாமல் விட்ட வரலாற்றை, சாவின் வாசலில் உட்கார்ந்து எழுதினார்கள்.

பிரிமோ லெவி டூரின் நகரத்து வேதியியலாளர். ஆஷ்விட்ஸிலிருந்து மீண்டு எழுதிய ‘இவன் ஒரு மனிதனென்றால்’ நூலை ஐனாவ்டி பதிப்பகம் திருப்பி அனுப்பியது. 1947-இல் ஒரு சிறு பதிப்பகம் 2,500 படிகள் போட்டது. 1958-இல் ஐனாவ்டியே மறுபதிப்பு வெளியிட்ட பிறகுதான் உலகம் கவனித்தது. சாவதற்கு முந்தைய ஆண்டு வெளிவந்த ‘மூழ்கியோரும் மீண்டோரும்’ நூலில் ‘சாம்பல் மண்டலம்’ என்றொரு கட்டுரை உண்டு. ஒரு கரண்டிக் கஞ்சிக்காகச் சக கைதிகளை அதட்டும் வேலை பார்த்தவர்களை நாம் எப்படித் தீர்ப்பிடுவது? லெவி தீர்ப்பை நிறுத்திவைக்கிறார். ஆனால் கொன்றவரையும் கொல்லப்பட்டவரையும் ஒன்றாக்க ஒருபோதும் சம்மதிப்பதில்லை. இதே கேள்வியை ஹன்னா அரென்ட், நாஜி அதிகாரி ஐக்மானின் வழக்கைப் பற்றி 1963-இல் எழுதிய ‘எருசலேமில் ஐக்மான்’ நூலில் வேறு தொனியில் தொட்டார். யூதக் குழுத் தலைவர்கள் நாஜிகளுக்கு ஒத்துழைத்ததைக் கடிந்தார். யூத மறைஞான ஆய்வைத் தனித் துறையாக வளர்த்த கெர்ஷோம் ஷோலெம், உன்னிடம் நம் மக்கள்மீது அன்பில்லை என்று அவருக்கு எழுதினார். எந்த மக்கள் கூட்டத்தையும் தான் நேசித்ததில்லை, நண்பர்களைத்தான் நேசிக்க முடியும் என்பது அரென்ட்டின் பதில். ஐக்மானைப் பற்றி அரென்ட் தவறாகக் கணித்தார் என்றே நினைக்கிறேன். சிந்திக்கத் தெரியாத எழுத்தர் என்ற வேடத்துக்குப் பின்னால் உறுதியான நாஜி இருந்ததைப் பெட்டினா ஷ்டாங்னெத் ஆவணங்களோடு காட்டிவிட்டார். இருந்தாலும் அந்த இரு கடிதங்களையும் அடுத்தடுத்து வைத்துப் படிக்காமல் யூத அடையாளத்தைப் பற்றிப் பேச முடியாது.

இஸ்ரேல் பற்றிய நூல்களில் என் அளவுகோல் ஒன்றுதான்: தோற்றவரின் வாதம் இந்தப் பக்கத்தில் இருக்கிறதா? எஸ். யீஸ்ஹார் 1948 போரில் உளவு அதிகாரியாக இருந்தவர். போர் ஓய்ந்த கையோடு, 1949-இல், ‘கிர்பத் கிஸே’ என்ற குறுநாவலை எபிரேயத்தில் வெளியிட்டார். அரபுக் கிராமத்து மக்களை, முதியவர் குழந்தை பாராமல், லாரிகளில் ஏற்றி வெளியேற்றும் யூதப் படைவீரன் ஒருவன் தன் முன்னோரின் நாடுகடத்தலை அங்கே காண்கிறான். அந்தக் கதை பிற்காலத்தில் இஸ்ரேல் பள்ளிப் பாடத்திலும் இடம்பெற்றது. பென்னி மோரிஸ் 1980-களின் இறுதியில் அரசு ஆவணங்களைத் திறந்து பாலஸ்தீன அகதிகள் உருவான வரலாற்றை எழுதினார். ஆசாரமான யூதரும் விஞ்ஞானியுமான யெஷயாஹு லைபோவிட்ஸ், 1967 வெற்றிக் களிப்பு அடங்கும் முன்பே, ஆக்கிரமிப்பு யூத அறத்தை அழித்துவிடும் என்று எச்சரித்தார். பாக்தாதில் பிறந்து ஐந்து வயதில் இஸ்ரேலுக்கு வந்த அவி ஷ்லைம் 2023-இல் வெளியிட்ட ‘மூன்று உலகங்கள்’, அரபு யூதர் என்றொரு வாழ்வு இருந்ததையும் அது இரு பக்கமும் நசுங்கியதையும் சொல்கிறது. பாக்தாத் யூதர்களைக் குறிவைத்த குண்டுவெடிப்புகளில் சியோனிச முகவர்களுக்குப் பங்குண்டு என்ற அவருடைய குற்றச்சாட்டு விவாதத்துக்குரியது, நினைவுகள் விலைமதிப்பற்றவை. ஷ்லோமோ சாண்டின் ‘யூத மக்களின் கண்டுபிடிப்பு’ தமிழ்நாட்டிலும் அடிக்கடி மேற்கோளாகிறது. 19ஆம் நூற்றாண்டு வரலாற்றாசிரியர்கள் ஒரு தேசத்தைக் கட்டியெழுப்பிய விதம் பற்றி அவர் சொல்வதில் வலுவுண்டு. ஐரோப்பிய யூதர்கள், இடைக்காலத்தில் யூத மதம் தழுவியதாகச் சொல்லப்படும் கஸார் மக்களின் வழிவந்தோர் என்ற பகுதிக்கு ஆதாரம் மெலிது. யூதர்களை வெறுக்க விரும்புபவர்கள் அந்த மெலிந்த பகுதியைத்தான் பிடித்துக்கொள்கிறார்கள்.

பீட்டர் பைனார்ட் 2025-இல் ‘காஸாவின் அழிவுக்குப் பிறகு யூதராக இருத்தல்’ நூலை வெளியிட்டார். தொழுகைக்குப் போகும் யூதர் ஒருவர், தன் கூடத்தில் பக்கத்து இருக்கையில் இருப்பவரிடம் பேசுவதுபோல எழுதிய நூல். எப்போதும் நாமே பலியானவர்கள் என்று சொல்லும் கதை, நம் கையால் நடப்பதைப் பார்க்கவிடாமல் செய்கிறது என்கிறார். அவரைத் துரோகி என்பவர்கள் பலர். எலியேசரைச் சபை நீக்கம் செய்தவர்களும் பெரும்பான்மையினர்தாம்.

பாலஸ்தீனருக்காகக் குரல் கொடுக்கும் தமிழர்களிடம் ஒன்றைச் சொல்ல வேண்டும். அந்தக் குரல் யூத வெறுப்பாகச் சறுக்காமல் இருக்க யீஸ்ஹாரையும் லைபோவிட்ஸையும் படியுங்கள். இஸ்ரேலை வியந்து பாராட்டுகிறவர்களும் அதே நூல்களையே படிக்க வேண்டும். ஃபிரான்ஸ் காஃப்காவின் ‘விசாரணை’யை ஏ. வி. தனுஷ்கோடி ஜெர்மனிலிருந்து நேரடியாகத் தமிழாக்கி, க்ரியா வெளியிட்டது. அந்த அக்கறையோடு இந்த நூலகத்தின் மற்ற பகுதிகளையும் கொண்டுவரும் திறமை நம்மிடம் இருக்கிறது. கிளூக்கெலின் நினைவுக் குறிப்புகள், லெவியின் கடைசி நூல், ரூபி டேனியலின் தன்வரலாறு, ‘கிர்பத் கிஸே’ ஆகிய நான்கையும் தமிழ்ப் பதிப்பாளர்கள் முதலில் எடுத்துக்கொள்ள வேண்டும். நான்கிலும் சிறியது ‘கிர்பத் கிஸே’, அதிலிருந்து தொடங்கலாம்.